நாலாவது நாற்காலிக்கு முன்னால் குனிந்தவன்

தொழிலாளர்களுக்கு மனு எழுதிக் கொடுக்கும் வேலைக்குப் புதிதாக வந்திருக்கிறீர்கள். முப்பது வருடம் இதே வேலை பார்த்தவராயிற்றே, எங்களுக்குத் தைரியம் வர நாலு வார்த்தை சொல்லுங்கள் என்று உங்களில் ஒருவர் என் வீட்டுக்கே வந்து கேட்டார். ஆள் தெரியாமல் கேட்டுவிட்டார். பேருந்தில் யாராவது என்னை இரண்டு தடவை பார்த்தால் அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிடுகிறவன் நான். வீட்டுக் கதவை யார் தட்டினாலும் முதலில் என் மனைவிதான் போவாள். ஆகவே தைரியத்தைப் பற்றி வேறு யாரிடமாவது கேட்டுக்கொள்ளுங்கள். பயத்தைப் பற்றி வேண்டுமானால் நான் சொல்கிறேன், அதில் எனக்கு அனுபவம் உண்டு.

எந்த மனுவை எந்த அலுவலகத்தில் கொடுப்பது, எத்தனை நகல் எடுப்பது என்பதையெல்லாம் பக்கத்து மேசைக்காரரிடம் கேட்டால் ஒரே வாரத்தில் படித்துவிடலாம். நான் சொல்லப்போவது ஒரே ஒரு தப்பைப் பற்றி. பெயர்களை மாற்றியிருக்கிறேன். கண்டுபிடிக்க முயற்சி செய்யாதீர்கள்.

நகரத்தின் நடுவே கியாக்டடா பேட்டையில் ஒரு பழைய கட்டடத்தின் மாடிப்படிக்குக் கீழே என் மேசை இருந்தது. தாத்தா துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர். அப்பா நகரசபையில் சாக்கடை வேலை. எங்கள் குடும்பத்தில் உட்கார்ந்து சம்பாதித்த முதல் ஆள் நான். ஆனால் முதுகு மட்டும் அவர்களுடையதாகவே இருந்தது. மேஸ்திரி வந்தால் குனி, எழுத்தர் வந்தால் குனி என்று சொல்லியே வளர்த்தார்கள். அது தவிர, இந்தப் பர்மா ஊர் வழக்கம் வேறு உங்களுக்குத் தெரியும். பெரியவர்கள் உட்கார்ந்திருக்கும்போது அவர்களுக்கு முன்னால் கடந்து போக நேர்ந்தால், தோளைத் தாழ்த்தி முதுகை வளைத்துத்தான் போவோம். யோசித்துச் செய்வதில்லை, உடம்பே செய்துவிடும். என் உடம்பு மற்றவர்களைவிடக் கொஞ்சம் சீக்கிரமாகவே செய்யும்.

நடைபாதைப் புத்தகக் கடை ஒன்றில் அட்டை கிழிந்த ஆங்கிலப் புத்தகம் ஒன்று கிடைத்தது. அரசு வேண்டாம், முதலாளி வேண்டாம், தலைவரே வேண்டாம் என்று சொன்ன தொழிலாளர்களின் வரலாறு. அராஜகவாதிகள் என்று அவர்களைச் சொல்வார்கள். அந்தச் சொல்லைக் கேட்டால் கல்லெறிகிறவன் ஞாபகம்தான் எனக்கு வரும். புத்தகத்தில் இருந்தவர்கள் வேறு மாதிரி இருந்தார்கள். எட்டு மணி நேர வேலை கேட்டுப் போராடித் தூக்கில் தொங்கியவர்கள் இருந்தார்கள். ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் மூண்டு முதலாளிகள் ஓடிப்போனபோது டிராம் வண்டிகளைத் தாங்களே பழுது பார்த்துத் தாங்களே ஓட்டியவர்கள் இருந்தார்கள். நான் வீரனாக ஆகிவிடவில்லை. ஆனால் மூன்று முறை படித்தேன்.

அப்போது ஆற்றுக்கு அக்கரையில் தன்லியினில் பை தைக்கும் தொழிற்சாலை ஒன்றின் பெண்களுக்கு மனு எழுதிக்கொண்டிருந்தேன். ஞாயிற்றுக்கிழமை பிற்பகலில் பாலத்தைத் தாண்டி அவர்கள் விடுதிக்குப் போவேன். மனு வேலை முடிந்ததும் அந்தப் புத்தகத்தைக் கதையாகச் சொல்வேன். என்னை ஸயா என்று கூப்பிடுவார்கள், வாத்தியார் என்கிற மாதிரி. டிராம் ஓட்டியவர்கள் கதையைத் திரும்பத் திரும்பக் கேட்டார்கள். அவர்களுடைய படையில் சல்யூட் கிடையாது, தளபதியைச் சிப்பாய்களே கைதூக்கித் தேர்ந்தெடுப்பார்கள், பிடிக்காவிட்டால் மாற்றுவார்கள் என்று சொன்னபோது ஒருத்தி சிரித்துச் சிரித்துப் பாயிலேயே சாய்ந்துவிட்டாள். எங்கள் மேற்பார்வையாளரை அப்படி மாற்றலாமா என்று கேட்டாள்.

சிரிக்காமல் உட்கார்ந்திருந்தவள் செல்வி. அவள் பெயர் அதுவல்ல. ஜிப் வைத்துத் தைக்கும் இயந்திரத்தில் வேலை, இருபத்தாறு வயது, தன்லியின் பக்கத்துத் தமிழ்க் குடும்பம். தமிழ் நன்றாகப் புரியும், பேசும்போது பாதியில் பர்மாப் பேச்சுக்குத் தாவிவிடுவாள். அப்புறம் அந்தப் படை என்ன ஆயிற்று என்று கேட்டாள். போர் நெருக்கியது, அரசே வேண்டாம் என்றவர்களில் சிலர் அமைச்சர் நாற்காலியில் போய் உட்கார்ந்தார்கள், சல்யூட் இல்லாத படையிலும் சல்யூட் வந்துவிட்டது என்றேன். அதை யார் திருப்பிக் கொண்டுவந்தது, எதிரியா, அவர்களுடைய பயமா என்று கேட்டாள். புத்தகத்தில் அது போடவில்லை என்று சொல்லித் தப்பித்துக்கொண்டேன்.

பிறகு ராணுவம் ஆட்சியைப் பிடித்து நம் நாட்டிலேயே எல்லாம் தலைகீழாகிவிட்டது. அதை நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தொழிற்சங்கத் தலைவர்களில் பெயர் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகக் காணாமல் போனார்கள். சிலர் சிறையில், சிலர் எல்லைக்கு அப்பால். சிலரைப் பற்றி யாரும் பேசுவதே இல்லை. நான் பயந்துபோய் ஞாயிற்றுக்கிழமை வகுப்பை நிறுத்திவிட்டேன், மனு எழுதப் போவது மட்டும் தொடர்ந்தது. அந்தப் பெண்கள் நிறுத்தவில்லை. நான் கதையாகச் சொன்னதை அவர்கள் வேலைமுறையாக மாற்றிக்கொண்டார்கள்.

ஒரு துணிப்பையில் கறுப்புப் பொத்தான்களைப் போட்டு, நடுவில் ஒரு வெள்ளைப் பொத்தான் போடுவார்கள். வாரத்துக்கு ஒரு நாள் ஆளுக்கொன்று எடுப்பார்கள். வெள்ளை யாருக்கு வருகிறதோ அந்த வாரம் அவள் பேச வேண்டும். அவளுக்குப் பேச வராவிட்டால் மற்றவர்கள் சொல்லிக் கொடுப்பார்கள். நிர்வாகத்தைப் பார்க்க எப்போதும் ஏழு பேர் போவார்கள், ஒவ்வொரு தடவையும் வேறு வேறு வரிசையில் உட்காருவார்கள். உங்கள் தலைவி யார் என்று கேட்டால் பொத்தான் எடுத்தவள் இன்றைக்கு நான் என்பாள். அடுத்த வாரம் வேறொருத்தி அதையே சொல்வாள். மேலாளருக்குத் தலை சுற்றிவிடும். மனு எழுதும் தொழிலில் இதைவிட நல்ல ஏற்பாட்டை நான் பார்த்ததில்லை.

பிரச்சினை பூட்டில் ஆரம்பித்தது. அக்கம்பக்கத்தில் குண்டு வெடிக்கிறது, பாதுகாப்பு வேண்டும் என்று சொல்லி வேலை நேரத்தில் தொழிற்சாலைக் கதவை வெளியிலிருந்து பூட்ட ஆரம்பித்தார்கள். ஒரு நாள் காலை மின்கம்பியில் கோளாறு ஏற்பட்டுத் தைக்கும் கூடத்தில் புகை சூழ்ந்தது. எல்லாப் பெண்களும் கதவுக்கு ஓடினார்கள். சாவி வைத்திருந்தவன் டீ குடிக்கப் போயிருந்தான். அவன் வந்து திறப்பதற்குள் கதவோடு நசுங்கி ஒருத்திக்குக் கை முறிந்தது. தீ பிடிக்காததால் அன்றைக்கு எல்லோரும் உயிரோடு வெளியே வந்தார்கள். மறுநாளே, கதவைப் பூட்டக் கூடாது என்று ஒரே வரியில் மனு கொடுத்தோம். பதில் வரவில்லை. பெண்கள் இயந்திரங்களுக்கு முன்னால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்கள்.

மூன்றாவது நாள் பேச்சுவார்த்தைக்கு ஏழு பேர் வரலாம், மனு எழுதியவரும் வரவேண்டும் என்று ஆள் அனுப்பினார்கள். போகாமலிருக்க என்னென்ன நோய் சொல்லலாம் என்று பாலம் தாண்டும்வரை யோசித்துக்கொண்டே போனேன்.

துணி வெட்டும் கூடத்தில் ஓரமாக ஏழு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். பெண்கள் வரிசையாக உட்கார்ந்தார்கள். எனக்கு நாற்காலி இல்லை, வரிசையின் வால்பக்கம் கோப்போடு நின்றேன். நாற்காலிகளுக்கு எதிரே நீளமான வெட்டு மேசை. இரண்டுக்கும் நடுவில் ஓர் ஆள் போகிற அளவுக்கு வழி. அந்த வழியின் மறுமுனையில் ஒரு சின்ன மேசை போட்டு ஒருவர் உட்கார்ந்திருந்தார். மேலாளர் அவருக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். உட்கார்ந்திருந்தவர் தொழிற்சாலைக்காரர் இல்லை, அரசாங்க ஆள் என்பது அதிலேயே தெரிந்துவிட்டது. நாற்பது வயதிருக்கும். சீருடை இல்லை. இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, மெதுவான குரல். கத்துகிறவரைவிட மெதுவாகப் பேசுகிற அதிகாரியிடம்தான் எனக்குப் பயம் அதிகம்.

அந்த வாரம் வெள்ளைப் பொத்தான் மா நிலாவுக்கு வந்திருந்தது. பர்மாப் பெண், இருபத்தொரு வயது, அதுவரை நாலு பேர் முன்னால் வாயைத் திறக்காதவள். நடுங்கிக்கொண்டேதான் பேசினாள், ஆனால் சொல்ல வேண்டியதை விடாமல் சொன்னாள். புகை வந்தது, கதவு பூட்டியிருந்தது, கை முறிந்தது, பூட்டக் கூடாது. அதிகாரி பொறுமையாகக் கேட்டார். உங்கள் தலைவி யார் என்றார். இன்றைக்கு நான் என்றாள். அவர் புன்னகை செய்தார். அவருக்கு முன்பே யாரோ இந்த ஏற்பாட்டைச் சொல்லியிருக்க வேண்டும்.

"ஊலே, அந்த மனுவைக் கொண்டாங்க" என்றார் என்னைப் பார்த்து. ஊலே என்றால் சித்தப்பா முறை, வயசானவர்களை இங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

நான் நடந்தேன். முதல் நாற்காலி, இரண்டாவது, மூன்றாவது. எல்லாம் என் பெண் வயதுடைய பெண்கள், நிமிர்ந்துதான் போனேன். நாலாவது நாற்காலியில் செல்வி இருந்தாள். என் தோள் தாழ்ந்தது, முதுகு வளைந்தது, கோப்பை மார்போடு அணைத்துக்கொண்டு அவளைக் கடந்தேன். ஐந்தாவது நாற்காலிக்கு முன்னால் நிமிர்ந்துவிட்டேன். நான் குனிந்தது எனக்கே தெரியாது. மேசையில் மனுவை வைத்துவிட்டு அதிகாரியின் முகத்தைப் பார்த்தபோதுதான் தெரிந்தது. அவர் மனுவைப் பார்க்கவில்லை, எனக்குப் பின்னால் நாலாவது நாற்காலியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அறுபது வயதுக் கிழவன் இருபத்தாறு வயதுப் பெண்ணுக்கு முன்னால் எதற்குக் குனிய வேண்டும்? இந்த ஊரில் பிறந்த எவருக்கும் அந்தக் கேள்வி வரும். தலைவர் இல்லை, தலைவர் இல்லை என்று இரண்டு வருடமாக அந்தப் பெண்கள் கட்டிக் காப்பாற்றியதை என் முதுகு ஒரு நொடியில் போட்டு உடைத்துவிட்டது.

"திரும்பிப் போங்க ஊலே. உங்க இடத்துல போய் நின்னுட்டு இன்னொரு தடவ நடந்து வாங்க."

குரலை உயர்த்தவே இல்லை. மனுவையும் திருப்பிக் கையில் கொடுத்தார். நான் வெட்டு மேசையின் மறுபக்கமாகச் சுற்றிக்கொண்டு என் இடத்துக்குப் போனேன். ஏழு பெண்களும் நேரே பார்த்துக்கொண்டிருந்தார்கள், ஒருத்திகூட என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. சுற்றி நடக்கும் நேரம்தான் எனக்கு யோசிக்கக் கிடைத்தது. யாருக்கும் குனியாமல் போனால் முதல் தடவை குனிந்ததற்கு அர்த்தம் உறுதியாகிவிடும். எல்லாருக்கும் குனிந்தால் கிழவனின் பழக்கம், முதுகு வலி என்று ஏதோ ஒன்றில் போய்விடும். எல்லாருக்கும் குனிவது என்று முடிவு செய்தேன். சரியான முடிவுதான் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

முதல் பெண்ணுக்குக் குனிந்தேன். இரண்டாவது பெண்ணுக்கு, மூன்றாவது பெண்ணுக்கு. நாலாவது நாற்காலி வந்ததும் என் பயம் வேலையைக் காட்டியது. மற்றவர்களுக்குக் குனிந்ததைவிட ஓர் அங்குலம்கூடக் கூடிவிடக் கூடாதே என்று மனம் அளக்க ஆரம்பித்தது. அளந்து குனிந்தேன். மற்ற ஆறு பேருக்கும் தாராளமாகக் குனிந்தவன் அவளுக்கு மட்டும் மரக்கட்டை மாதிரி வளைந்து நிமிர்ந்தேன். சின்னக் குழந்தைகூடக் கண்டுபிடித்திருக்கும்.

அதிகாரி மனுவை வாங்கி மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். நாலாவது நாற்காலியைப் பார்த்துப் பெயர் என்ன என்றார். செல்வி எழுந்து நின்று சொன்னாள். திங்கட்கிழமை காலை வீட்டு உறுப்பினர் பட்டியலையும் அடையாள அட்டையையும் எடுத்துக்கொண்டு வந்து தன்னைப் பார்க்கச் சொன்னார். எங்கே என்று ஒரு முகவரியை எழுதிக் கொடுத்தார். அன்றைக்குச் சனிக்கிழமை. கதவைப் பற்றி யோசிப்பார்கள் என்று மேலாளரிடம் சொல்லிவிட்டு எங்கள் எல்லாரையும் போகச் சொன்னார்.

தொழிற்சாலையிலிருந்து விடுதிக்குப் போகிற சாலையில் மற்றவர்கள் முன்னால் போக, நானும் செல்வியும் பின்தங்கினோம். எனக்கு அழுகை வந்துவிட்டது. தெரியாமல் செய்துவிட்டேன், என்னை மன்னித்துவிடு என்று என்னென்னவோ உளறினேன்.

"இன்னிக்கு மட்டும் இல்ல மாமா, ரெண்டு வருசமா இதான் நடக்குது" என்றாள். "டீ வந்தா மொதல்ல எங்கிட்ட நீட்டுவீங்க. மனு எழுதுனா எம் மூஞ்சியப் பாத்துட்டுத்தான் அடுத்த வரி. நீங்க மட்டுமா, எல்லாருந்தான். பொத்தான் யாருக்கு வந்தாலும் எங்கிட்ட வந்துதான் என்ன பேசணும்னு கேப்பாங்க."

அப்படியானால் ஏன் இத்தனை நாள் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"எனக்கும் புடிச்சிருந்துச்சு" என்றாள்.

இதை நீங்கள் ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும். பயம் வந்தால் மனிதனுக்கு யாரையாவது முன்னால் நிறுத்திவிட்டு அவர் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளத் தோன்றுகிறது. அதற்கு மரியாதை என்று பெயர் வைத்துக்கொள்கிறோம். நான் அவளை மதித்தேன், உண்மைதான். ஆனால் அந்த மரியாதையில் பாதி என் பயம். அவள் எனக்கு முன்னால் இருந்தால் நான் முன்னால் இருக்க வேண்டியதில்லை அல்லவா?

விடுதியில் ஏழு பேரும் பாயில் வட்டமாக உட்கார்ந்தார்கள். ஒருத்தி திங்கட்கிழமை போய்த்தான் ஆக வேண்டும், போகாவிட்டால் குற்றத்தை ஒப்புக்கொண்ட மாதிரி என்றாள். மா நிலா ஏழு பேரும் சேர்ந்தே போகலாம் என்றாள். அது எனக்கு அழகாகத்தான் பட்டது, ஆனால் போன ஏழு பேரும் திரும்பி வராத வேறொரு தொழிற்சாலையை எனக்குத் தெரியும். அதைச் சொன்னேன். பேச்சு சுற்றிச் சுற்றி வந்தது. வழக்கம்போல எல்லாரும் செல்வியின் முகத்தைப் பார்த்தார்கள். அவள் வேண்டுமென்றே தலையைக் குனிந்துகொண்டு பாய்க் கோரையைப் பிய்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில் ஒவ்வொருத்தியும் தனித்தனியாகச் சொன்னாள். போக வேண்டாம், ஊரைவிட்டுப் போய்விடு. அவளும் சரி என்றாள்.

எங்கே போவது என்று ஒருத்தி ஆரம்பித்ததும் நான் எழுந்துவிட்டேன். இனிமேல் பேசுவது என் காதில் விழ வேண்டாம் என்றேன். ஓடுகிறான் கிழவன் என்ற பார்வை சிலர் முகத்தில் தெரிந்தது. ஓடத்தான் செய்தேன், மறுக்கவில்லை. ஆனால் என்னை எனக்கு நன்றாகத் தெரியும். கையை முறுக்க வேண்டாம், முறுக்குவேன் என்று சொன்னாலே போதும், எனக்குத் தெரிந்ததையெல்லாம் கொட்டிவிடுவேன். அதனால் எனக்குத் தெரிந்திருக்கக் கூடாது. முப்பது வருடத்தில் நான் எடுத்த நல்ல முடிவு அது ஒன்றுதான். செல்வியிடம் போய்வருகிறேன் என்றுகூடச் சொல்லவில்லை. மாலைப் பேருந்தைப் பிடித்தேன். பாலத்துச் சாவடியில் சிப்பாய் என் அடையாள அட்டையைப் புரட்டிப் பார்த்தபோது, நான் யார் முன்னால் குனிந்தேன் என்பது அதில் எழுதியிருக்கிற மாதிரி நடுங்கினேன்.

திங்கட்கிழமை அவள் போகவில்லை. செவ்வாய்க்கிழமை காலை என் மேசைக்கு இரண்டு பேர் வந்தார்கள்.

மூன்று நாள் வைத்திருந்தார்கள். அடித்தார்கள் என்று சொன்னால் உங்களுக்கு என்மேல் மதிப்பு கூடும், ஆனால் யாரும் அடிக்கவில்லை. சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு ஒருவர் எதிரே உட்காருவார். அவள் எங்கே என்று கேட்பார். தெரியாது என்பேன். அவர் எழுந்து போய்விடுவார். ஒரு மணி நேரம் கழித்து வேறொருவர் வந்து சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொள்வார். பக்கத்து அறையில் யாரோ இருமிக்கொண்டே இருந்தார். இரண்டாவது நாள் இருமல் நின்றுவிட்டது. ஏன் நின்றது என்பதை யோசிக்காமல் இருப்பதற்காக ஒன்றிலிருந்து ஆயிரம் வரை எண்ணினேன்.

தெரியாது என்று நான் சொன்னது உண்மை. அந்த உண்மை என்னைக் காப்பாற்றும் என்று நினைத்திருந்தேன். இங்கேதான் நான் கவனிக்காத ஓர் ஓட்டை இருந்தது. இதுவரை இதை யாரிடமும் சொன்னதில்லை.

மூன்றாவது நாள் வெள்ளைச் சட்டைக்காரரே வந்தார். எனக்குத் தண்ணீர் கொடுத்தார். "தெரியாதுன்னு சொன்னீங்க, நம்புறேன் ஊலே. எங்க போயிருப்பான்னு நெனைக்கிறீங்க, அதை மட்டும் சொல்லுங்க" என்றார்.

எப்போதோ ஒரு தீபாவளி சமயத்தில், பெகுப் பக்கம் ஓர் அத்தை இருக்கிறாள், முறுக்கு சுட்டு விற்கிறாள் என்று செல்வி பேச்சுவாக்கில் சொல்லியிருந்தாள். அதை நான் சொல்லிவிட்டேன். என் வாயிலிருந்து அது வெளியே வந்ததை நானே கேட்டுக்கொண்டிருந்தேன். நினைப்பதைத்தானே சொன்னோம், தெரிந்ததையா சொன்னோம் என்று அந்த நொடியிலேயே எனக்கு நானே சமாதானமும் சொல்லிக்கொண்டேன். அவர் தலையை ஆட்டினார். அன்று மாலையே என்னை விட்டுவிட்டார்கள்.

சீக்கிரம் விட்டதுதான் என்னை இன்றுவரை பயமுறுத்துகிறது. ஊகம் பலித்து என் தேவை முடிந்ததால் விட்டார்களா, உதவாத கிழவன் என்று சலித்து விட்டார்களா?

தொழிற்சாலைக் கதவை மூன்று வாரம் கழித்து வெளியே பூட்டுவதை நிறுத்தினார்கள். பூட்டை உள்பக்கம் மாற்றி, சாவியைக் கூடத்திலேயே ஆணியில் தொங்கவிட்டார்கள். அந்த மூன்று வாரமும் பொத்தான் எடுத்தவர்கள்தான் மாறி மாறிப் போய்ப் பேசினார்கள். கேட்பதற்குச் செல்வி இல்லாததால் அவரவரே யோசித்துப் பேசினார்கள் என்று பிறகு மா நிலா சொன்னாள். நான் மறுபடி பாலத்தைத் தாண்டவில்லை. மேசையை விற்றுவிட்டேன். ஓய்வு பெற்றுவிட்டேன் என்று சொல்லிக்கொள்கிறேன், நீங்களும் அப்படியே சொல்லுங்கள்.

தெரியக் கூடாததைத் தெரிந்துகொள்ளாதீர்கள் என்று நம் தொழிலில் எல்லாரும் சொல்வார்கள். ஊகம் செய்யவும் கூடாது என்பதை நான் சேர்த்துச் சொல்கிறேன். ஒருவர் தன் அத்தையைப் பற்றியோ மாமாவைப் பற்றியோ உங்களிடம் பேச ஆரம்பித்தால் பேச்சை மாற்றுங்கள். முரட்டுத்தனமாக இருந்தாலும் பரவாயில்லை. அன்பாகக் காதில் வாங்கிக்கொள்கிற ஒவ்வொரு விஷயமும் பிறகு ஒரு நாள் யாராவது தண்ணீர் கொடுத்துக் கேட்கும்போது வெளியே வரும்.

சில மாதங்களுக்கு முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மா நிலா லான்மடாவில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்தாள். ஆறு மாடி ஏறி வந்திருந்தாள், மூச்சு வாங்கியது. ஸயா, ஒரு சேதி சொல்லிவிட்டுப் போகலாம் என்று வந்தேன் என்றாள். யாரைப் பற்றிய சேதி என்று கேட்க வேண்டியிருக்கவில்லை. சொல்லாதே என்றேன். சொல்லாவிட்டாலும் முகத்தைப் பார்த்தால் நல்லதா கெட்டதா என்று தெரிந்துவிடுமே என்று நாற்காலியைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு உட்கார்ந்தேன். என்னை மறுபடி கூப்பிட்டு விசாரித்தால், தெரியாமல் இருப்பதுதான் செல்விக்குப் பாதுகாப்பு என்று சுவரைப் பார்த்துக்கொண்டே விளக்கினேன். மா நிலா கேட்டுக்கொண்டு நின்றாள். பிறகு என் மனைவி அவளைச் சமையலறைக்குக் கூட்டிப்போனாள். உள்ளே பேச்சுச் சத்தம் கேட்டது. நான் வானொலியைத் திருகிச் சத்தத்தைக் கூட்டினேன்.

பாதுகாப்பு என்று மா நிலாவிடம் சொன்னது பொய்யில்லை. ஆனால் உங்களிடம் முழுசாகச் சொல்ல வேண்டும். அந்த அத்தை வீட்டுக்குச் செல்வி போயிருந்தால்? அதைக் கேட்கும் தைரியம் எனக்கு இல்லை.

என் மனைவிக்குத் தெரியும். நாற்பது வருடமாக எதையும் என்னிடம் மறைக்கத் தெரியாதவள் இதை மட்டும் வைத்துக்கொண்டிருக்கிறாள். நான் கேட்கட்டும் என்று காத்திருக்கிறாள். நானும் அவள் கண்ணைப் பார்க்காமல் நடமாடப் பழகிவிட்டேன். நேற்று மத்தியானம் சோறு போட்டுவிட்டு அடுப்படிக்குப் போகாமல் என் எதிரிலேயே உட்கார்ந்தாள்.

"சொல்லவா?" என்றாள்.

இன்னும் கொஞ்சம் ரசம் ஊற்று என்றேன். ஊற்றினாள்.